ஜெரால்டு வைலி யார்? ரோனி பார்க்கரைப் பற்றிப் பேசலாம் வாருங்கள்

மாலைநேரம் எழுதியது:

ரொம்ப நாளாக இந்த மனிதரைப் பற்றி ஓர் இழை தொடங்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். பிரிட்டிஷ் நகைச்சுவை என்றால் நம் பக்கத்தில் மிஸ்டர் பீனோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அதற்கு ஒரு தலைமுறை முன்னால் இருந்தவர் ரோனி பார்க்கர். எனக்கு அவரைப் பிடித்துப்போனதற்குக் காரணம் ஒரு கதை. அதையே முதலில் சொல்லிவிடுகிறேன்.

1960களின் கடைசி. லண்டனில் டேவிட் ஃப்ராஸ்ட் 'ஃப்ராஸ்ட் ஆன் சண்டே' என்று ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சி நடத்திக்கொண்டிருந்தார். அதற்கு ஜெரால்டு வைலி என்று ஒருவர் குறுநாடகங்கள் எழுதி அனுப்புவார். எழுத்துப்படி ஏஜென்ட் வழியாக வரும். படிப்பார்கள், சிரிப்பார்கள், எடுத்து நடிப்பார்கள். ஆளை மட்டும் யாரும் பார்த்ததில்லை. யாரோ பெரிய நாடகாசிரியர் பெயரை மாற்றிக்கொண்டு எழுதுகிறார் என்று பேச்சு பரவியது. டாம் ஸ்டாப்பர்டாக இருக்கலாம் என்றுகூடச் சந்தேகப்பட்டார்கள்.

அதே நிகழ்ச்சியில் நடித்துக்கொண்டிருந்த ரோனி கார்பெட்டுக்கு வைலி எழுதிய ஒன்று, டாக்டர் வீட்டுக் காத்திருப்பு அறையில் நடப்பது, ரொம்பப் பிடித்துவிட்டது. உரிமையை வாங்கிவிடலாம் என்று கேட்டார். 3000 பவுண்டு என்று பதில் வந்தது. அந்தக் காலத்தில் அது மிகப் பெரிய தொகை. கூட நடிக்கும் ரோனி பார்க்கரிடம் போய்ச் சொன்னார். 'இது அநியாய விலை' என்று பார்க்கரும் ஒத்துக்கொண்டார். அப்புறம் என்ன நினைத்தாரோ, வைலி அதைச் சும்மாவே கொடுத்துவிட்டார். நன்றி சொல்ல, வைலியின் பெயரின் முதலெழுத்துகளைப் பொறித்த கண்ணாடிக் கோப்பைகளை வாங்கி அனுப்பினார் கார்பெட்.

பிறகு ஒருநாள் வைலி எல்லோரையும் ஒரு சீன உணவகத்துக்குச் சாப்பிட அழைத்தார். நடிகர்களும் எழுத்தாளர்களும் உட்கார்ந்து, வாசலில் நுழைகிற ஒவ்வொருவரையும் 'இவரா, இவரா' என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்போது மேசையிலிருந்து பார்க்கர் எழுந்து, 'நான்தான் வைலி' என்றார்.

நிகழ்ச்சியில் நடிக்கிறவரே எழுதிக் கொடுத்தால் நன்றாக இல்லை என்று முகத்துக்கு நேரே யார் சொல்வார்கள்? நட்புக்காக எடுத்துக்கொள்வார்கள். அந்தச் சலுகை வேண்டாம், எழுத்து தன் காலில் நிற்கிறதா என்று பார்க்க வேண்டும் என்பதற்காகத்தான் இவ்வளவும். சந்தேகம் வராமல் இருக்க, ஒத்திகையில் வைலியின் வரியைப் பார்த்து 'இது எனக்குச் சரியாகப் புரியவில்லை' என்று அவரே குறையும் சொல்லியிருக்கிறார்!

1929இல் பெட்ஃபோர்டில் பிறந்து ஆக்ஸ்ஃபோர்டில் வளர்ந்தவர். கட்டடக்கலை படிக்கப் போய் விட்டுவிட்டார், வங்கியில் குமாஸ்தாவாக இருந்தார், 1948இல் ஐல்ஸ்பரி ஊரில் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். வாராவாரம் புது நாடகம் போடுகிற குழு. ஒன்றை நடித்துக்கொண்டே அடுத்ததற்கு வசனம் மனப்பாடம் செய்ய வேண்டும். அங்கே பிடித்த பழக்கம்தான் கடைசிவரை அவரிடம் இருந்தது என்று நினைக்கிறேன்: ஒரு வேடம் கிடைத்தால் அதற்குள் முழுதாகப் போய்விடுவது, ரோனி பார்க்கர் என்கிற ஆள் வெளியே தெரியாமல் இருப்பது.

மேடையில் தானாக நின்று நாலு வார்த்தை பேச அவருக்கு வராது. வேறு ஒருவராக ஆகிவிட்டால் என்ன வேண்டுமானாலும் வரும். பார்த்தவர்கள் இருந்தால் எழுதுங்கள்.

---

கடைப்பிள்ளை எழுதியது:

அண்ணா, இந்த இழையைப் பார்த்ததும் சந்தோஷமாக இருந்தது. நான் லண்டனில் வளர்ந்தவன். அப்பா யாழ்ப்பாணத்திலிருந்து வந்து சில வருடம் பெட்ரோல் ஷெட்டில் வேலை செய்து, பிறகு ஒரு சின்னக் கடை எடுத்தார். காலை ஐந்தரைக்குப் பேப்பர் கட்டு வரும், இரவு பத்தரைக்குத்தான் ஷட்டர் இறங்கும். எங்கள் வீட்டில் எல்லோரும் ஒன்றாக இருந்து பார்த்த ஒரே ஆங்கில நாடகம் 'ஓப்பன் ஆல் அவர்ஸ்'. மறு ஒளிபரப்பில்தான் பார்த்தோம்.

பார்க்கர் அதில் ஆர்க்ரைட் என்ற கடை முதலாளி. பழுப்பு நிற மேற்சட்டை, காதில் பென்சில், கருமித்தனம் என்றால் சொல்லி வேலை இல்லை. சகோதரியின் மகன் கிரான்வில்லாக டேவிட் ஜேசன். எதிர்வீட்டு நர்ஸ் கிளாடிஸ் இமானுவேலில் ஆர்க்ரைட்டுக்கு ஒரு கண். கதை என்று பெரிதாக ஒன்றும் நடக்காது. யாராவது கடைக்குள் வருவார்கள், வாங்க நினைக்காத சாமானை வாங்கிக்கொண்டு போவார்கள்.

அந்தக் கடையில் ஒரு பழைய காசு மெஷின் இருக்கும். லாச்சி, அதாவது இழுப்பறை, திறந்த வேகத்தில் விரலைக் கடிப்பது போலப் படக்கென்று மூடும். கை வைக்கிற ஒவ்வொரு முறையும் இரண்டு பேரும் பயந்து பயந்துதான் வைப்பார்கள். அப்பா அதைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வரும். ஆங்கிலம் அவருக்கு அப்போது அரைகுறை. ஆர்க்ரைட் சொல்லும் பகிடிகளில் பாதி விளங்காது. ஆனால் லாச்சிக்குள் கை போகும்போது ஒரு கடைக்காரன் படுகிற பயம் நன்றாக விளங்கும்.

ஒவ்வொரு பகுதியும் முடியும்போது இரவு வந்துவிடும். வாசலில் வைத்த சாமான்களை ஆர்க்ரைட் உள்ளே எடுத்து வைத்துக்கொண்டு அன்றைய நாளைப் பற்றித் தன்பாட்டில் நினைத்துக்கொள்வார். அந்த இடம் வந்தால் அப்பா கதைக்கவே மாட்டார். எங்களையும் கதைக்க விடமாட்டார்.

டான்காஸ்டரில் பால்பி என்ற இடத்தில் வெளிப்புறக் காட்சிகள் எடுத்த கட்டடம் இருக்கிறது. உண்மையில் அது ஒரு சிகை அலங்கார நிலையம். நான் போய்ப் பார்த்திருக்கிறேன்.

---

இலக்கண வாத்தியார் எழுதியது:

நான் ஓய்வு பெற்ற தமிழாசிரியன். என் பேத்தி கைபேசியில் ஒரு துண்டுக் காட்சியைக் காட்டினாள். அதில் வந்தவர் இவர்தான் என்று இந்த இழையைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். 1976இல் பி.பி.சி.யில் வந்த 'நாலு மெழுகுவர்த்தி' காட்சி. பார்க்கர் வைலி என்ற பெயரில் எழுதியது என்று தேடிப் படித்தேன். அதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாக எழுத அனுமதியுங்கள், என் தொழிலோடு சம்பந்தப்பட்டது.

நன்னூலில் பொதுமொழி என்று ஒன்று உண்டு. 'எட்டு' என்றால் ஓர் எண். அதையே எள் து என்று பிரித்தால் எள்ளை உண் என்று பொருள். 'வேங்கை' என்றால் மரம், விலங்கு. வேம் கை என்று பிரித்தால் வேகின்ற கை. சேர்ந்து நின்றால் ஒரு பொருள், பிரிந்து நின்றால் இன்னொரு பொருள். வகுப்பில் முப்பது வருடம் இதைச் சொல்லிக்கொடுத்தேன். இதை வைத்து ஒரு மனிதன் சில நிமிடம் ஒரு கடைக்காரரைப் பைத்தியமாக்க முடியும் என்று எனக்குத் தோன்றியதே இல்லை.

ஹார்டுவேர் கடை. கார்பெட் கடைக்காரர், பார்க்கர் வாடிக்கையாளர். 'ஃபோர் கேண்டில்ஸ்' என்கிறார் பார்க்கர். கடைக்காரர் நாலு மெழுகுவர்த்தியை எடுத்து வைக்கிறார். இல்லை, அவர் கேட்டது தோட்டத்து முள்மண்வெட்டிக்கு ஒரு கைப்பிடி: 'ஃபோர்க் ஹேண்டில்ஸ்'. அவர் பேச்சில் 'ஹ' ஒலி விழாது. அந்த ஒலி போய்விட்டால் முதல் சொல்லின் கடைசி 'க்' அடுத்த சொல்லோடு ஒட்டிக்கொள்கிறது. உடல்மேல் உயிர் வந்து ஒன்றுவது இயல்பே என்று நாம் படிப்போமே, அதே புணர்ச்சிதான் அங்கே கடைக்குள் நடக்கிறது!

பிறகு ஓரிடத்தில் 'ஓஸ்' வேண்டும் என்கிறார். 'ஹ' விழாத ஆள் என்று கடைக்காரருக்கு இப்போது தெரியும். எனவே மண் கொத்தும் ஹோ ஒன்றை எடுத்து வருகிறார். இல்லை. தண்ணீர் விடும் ஹோஸ் குழாயை எடுத்து வருகிறார். அதுவும் இல்லை. வாசல் கேட்டில் வீட்டின் பெயரை ஒட்டுவதற்கு 'ஓ' என்ற எழுத்து! கடைக்காரர் எரிச்சலோடு எடுத்துக் கொடுக்கிறார். உடனே 'பீஸ்' என்கிறார் பார்க்கர். பாடம் படித்துவிட்ட கடைக்காரர் 'பி' எழுத்துகள் இருக்கும் பெட்டியையே தூக்கி வருகிறார். இவர் கேட்டது பட்டாணி டின்.

இந்த இடத்தைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்த்தேன். முதலில் அறியாமையால் தவறு செய்த கடைக்காரர், இப்போது கற்றுக்கொண்டதாலேயே தவறு செய்கிறார். சொல் விளையாட்டு மட்டும் தெரிந்த ஆளால் இதை எழுத முடியாது. மனிதன் எப்படிக் கற்கிறான், கற்றது அவனை எங்கே கவிழ்க்கும் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். காளமேகப் புலவர் இருந்திருந்தால் இவரைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்திருப்பார்.

---

திரைக்கதைக்காரன் எழுதியது:

எல்லோரும் பாராட்டுகிறீர்கள். எனக்கும் பார்க்கரைப் பிடிக்கும். ஆனால் நான் தொடர்களுக்கு வசனம் எழுதிப் பிழைக்கிறவன் என்பதால் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். பார்க்கர் பெயரைச் சொன்னால் மக்களுக்கு நினைவு வருகிற பெரிய விஷயங்கள் பெரும்பாலும் அவர் எழுதியவை இல்லை.

சிறையில் நடக்கும் தொடர் 'போரிட்ஜ்', 1974 முதல் 1977 வரை. எழுதியவர்கள் டிக் கிளெமென்ட், இயன் லா ஃப்ரெனே. 'ஓப்பன் ஆல் அவர்ஸ்' ராய் கிளார்க் எழுதியது. 1966இல் 'ஃப்ராஸ்ட் ரிப்போர்ட்' நிகழ்ச்சியில் ஜான் கிளீஸ், பார்க்கர், கார்பெட் மூவரும் உயர வரிசையில் நின்று 'நான் இவரை அண்ணாந்து பார்க்கிறேன், அவரைக் குனிந்து பார்க்கிறேன்' என்று வர்க்க வித்தியாசத்தைச் சொல்லும் புகழ்பெற்ற காட்சியை எழுதியவர்கள் மார்ட்டி ஃபெல்ட்மன், ஜான் லா. பார்க்கரும் கார்பெட்டும் சேர்ந்து நடத்திய 'டூ ரோனீஸ்' நிகழ்ச்சியில் ஒவ்வொரு கேள்விக்கும் அதற்கு முந்தைய கேள்வியின் பதிலைச் சொல்லும் 'மாஸ்டர்மைண்ட்' காட்சி டேவிட் ரென்விக் எழுதியது. கார்பெட் பெரிய நாற்காலியில் உட்கார்ந்து சொல்லும் கதைகளை ஸ்பைக் முல்லின்ஸ் ரொம்ப காலம் எழுதினார்.

பார்க்கர் முழுத் தொடராகத் தானே எழுதியவற்றில் கடைசி எது? 1988இல் வந்த 'கிளாரன்ஸ்'. கண் சரியாகத் தெரியாத சாமான் ஏற்றி இறக்கும் ஆளின் கதை. அதன் மூலக்கருவும் ஹியூ லெனார்டு 1971இல் எழுதிய தனிக்கதையிலிருந்து வந்தது. ஆறே பகுதிகள். அதையும் பாப் ஃபெரிஸ் என்ற இன்னொரு புனைபெயரில் எழுதினார். இன்று அதை யார் பேசுகிறார்கள்?

எழுதுகிறவனுக்குப் பெயர் கிடைப்பதே அபூர்வம். திரையில் முகம் காட்டியவரிடமே எழுத்துப் பெருமையையும் சேர்த்துக் கொடுத்துவிட்டால் கிளெமென்டும் லா ஃப்ரெனேயும் எங்கே போவார்கள்?

---

மாலைநேரம் எழுதியது:

நண்பரே, நீங்கள் சொன்ன பெயர்கள் எல்லாம் சரி. யார் எழுதியது என்று பெயர் சொல்லிப் பேச வேண்டும் என்பதிலும் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் நீங்கள் அடுக்கிய பட்டியலே எனக்கு அவரைப் பற்றி வேறு ஒன்றைச் சொல்கிறது.

தனக்கு எது வரும், எது வராது என்று தெரிந்த எழுத்தாளர் அவர். குறுநாடகம், சொல் விளையாட்டு, போலிச் சொற்பொழிவு, இவை அவருக்கு மூச்சு விடுவது போல வரும். வார்த்தைகளைச் சரியாக உச்சரிக்க முடியாதவர்களின் சங்கத்துக்காக ஒருவர் வேண்டுகோள் விடுப்பாரே, ஒவ்வொரு சொல்லிலும் எழுத்துகள் இடம் மாறி விழும், அது வைலி எழுதியது. எழுதுவதே கஷ்டம். அதைத் தடுமாறாமல் தடுமாறிப் பேசுவது அதைவிடக் கஷ்டம். அரை மணி நேரக் கதை என்று வரும்போது நல்ல ஆட்களிடம் கொடுத்துவிட்டு நடிக்கப் போனார். 1973இல் 'செவன் ஆஃப் ஒன்' என்று ஏழு தனிக்கதைகளில் நடித்தார். அவற்றில் ஒன்று வளர்ந்து போரிட்ஜ் ஆனது, இன்னொன்று ஓப்பன் ஆல் அவர்ஸ் ஆனது. எழுதத் தெரிந்தவர் இன்னொருவர் எழுத்துக்கு வழிவிட்டு நிற்பது லேசான காரியமா? நீங்களே சொல்லுங்கள்.

'போரிட்ஜ்' என்றால் கஞ்சி. அங்கே பேச்சு வழக்கில் சிறைவாசத்துக்கு அதுதான் பெயர். நாம் 'களி தின்னப் போயிருக்கிறான்' என்போமே, அதேதான். பார்க்கர் அதில் ஃபிளெட்சர், பழைய கைதி. சிறைக்குள் எப்படி வாழ்வது என்று தெரிந்தவர். அதே அறையில் முதல் முறையாக உள்ளே வந்த இளைஞன் காட்பர், நடித்தவர் ரிச்சர்டு பெக்கின்சேல். அந்தப் பையன் 1979இல் 31 வயதில் இறந்துபோனார். அதை நினைத்துக்கொண்டு பார்த்தால் இருவரும் பேசும் காட்சிகள் நெஞ்சைப் பிடிக்கும்.

தொடக்கத்தில் இரும்புக் கதவுகள் ஒவ்வொன்றாக மூடும். நீதிபதியின் குரல் தண்டனையை வாசிக்கும். அந்தக் குரலும் பார்க்கருடையதே. தண்டனை கொடுப்பவரும் வாங்குபவரும் ஒரே தொண்டை.

---

நதியோரம் எழுதியது:

இதுவரை படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். கொஞ்சம் மனத்தாங்கலோடு எழுதுகிறேன், யாரும் தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

எனக்குச் சிறு வயதிலிருந்தே பேச்சு திக்கும். 'க'விலும் 'ப'விலும் மாட்டிக்கொள்வேன். கடைப்பிள்ளை எழுதியதைப் படித்துவிட்டு ஓப்பன் ஆல் அவர்ஸ் இரண்டு பகுதிகள் பார்த்தேன். ஆர்க்ரைட்டுக்குத் திக்கும் என்று நீங்கள் யாரும் சொல்லவில்லையே? ஒரு சொல்லில் அவர் மாட்டிக்கொள்வார், கூடத்தில் சிரிப்பு எழும். கிரான்வில் அந்தச் சொல்லை முடித்து வைப்பான், மறுபடி சிரிப்பு. பள்ளியில் என் வாக்கியங்களை முடித்து வைத்தவர்கள் எத்தனை பேர் என்று எனக்குத் தெரியும். யாரும் கெட்டவர்கள் இல்லை. ஆனாலும் வாய்க்குள் இருக்கிற சொல்லை இன்னொருவர் எடுத்துக்கொண்டு போனால் எப்படி இருக்கும் என்பது அனுபவித்தவர்களுக்குத்தான் தெரியும்.

அந்தத் திக்கல் ராய் கிளார்க் எழுதியதா, பார்க்கர் சேர்த்ததா?

---

மாலைநேரம் எழுதியது:

பார்க்கர் சேர்த்ததுதான் அம்மா. நாடகக் குழு நாட்களில் கிளென் மெல்வின் என்ற நடிகரோடு அவர் வேலை செய்தார். மெல்வின் மேடையில் திக்கிப் பேசி நடிப்பதில் கைதேர்ந்தவர். அவரிடமிருந்துதான் பார்க்கர் கற்றுக்கொண்டார். தொலைக்காட்சியில் முதல் வாய்ப்புகளில் ஒன்றை 1950களில் கொடுத்தவரும் மெல்வின்தான். இருபது வருடம் கழித்து ஆர்க்ரைட்டுக்கு என்ன சேர்க்கலாம் என்று யோசித்தபோது அதை எடுத்துக்கொண்டார்.

எங்கிருந்து வந்தது என்பதற்காக மட்டுமே இதைச் சொல்கிறேன். உங்களுக்கு வலித்தது வலித்ததுதான். நான் இத்தனை முறை பார்த்தும் அந்தக் கோணத்தில் ஒரு தடவைகூட யோசிக்காமல் இருந்ததை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது.

---

கடைப்பிள்ளை எழுதியது:

அக்கா, மன்னிக்க வேண்டும். நான் திக்கலைப் பற்றி எழுதாமல் விட்டது வேண்டுமென்றுதான். எழுத வந்தது, எழுதவில்லை.

ஒன்று மட்டும் சொல்கிறேன், நியாயப்படுத்த இல்லை. அந்தக் கடைக்குள் எல்லோரையும்விடக் கெட்டிக்காரன் ஆர்க்ரைட்தான். திக்கினாலும் பேச்சை நிறுத்தமாட்டார். யாரிடமும் தோற்கமாட்டார். அப்பாவுக்கும் ஆங்கிலம் திக்கும். சொல் வராமல் நிற்பார், வாங்க வந்தவர்கள் காத்திருப்பார்கள். ஒரு கடைக்காரன் சொல்லுக்காகத் தடுமாறிக்கொண்டே வியாபாரத்தில் ஜெயிப்பதைப் பார்க்க அவருக்கு ஏன் அவ்வளவு பிடித்தது என்று இப்போதுதான் எனக்கு விளங்குகிறது. ஆனால் உங்களுக்கு நடந்தது வேறு. அதையும் இதையும் ஒன்றாக்க மாட்டேன்.

---

புதுவரவு21 எழுதியது:

சிறிய கேள்வி. 'டூ ரோனீஸ்' எப்படித் தொடங்கியது? இருவருக்கும் ஒரே பெயர் என்பதாலா?

---

இலக்கண வாத்தியார் எழுதியது:

நான் படித்ததைச் சொல்கிறேன், தம்பி. 1970இல் ஒரு விருது விழா. மேடையில் ஏதோ கருவி பழுதாகி நிகழ்ச்சி நின்றுபோனது. அங்கே இருந்த இந்த இருவரும் எழுதி வைத்தது எதுவும் இல்லாமல் சில நிமிடம் பேசிக் கூட்டத்தைச் சிரிக்க வைத்துச் சமாளித்தார்கள். பார்வையாளர் வரிசையில் பி.பி.சி. அதிகாரி பில் காட்டன் இருந்தார். அடுத்த வருடமே, 1971இல், நிகழ்ச்சி தொடங்கிவிட்டது. 1987 கிறிஸ்துமஸ் வரை நடந்தது.

இருவரும் மேசைக்குப் பின்னால் செய்தி வாசிப்பவர்களாக உட்கார்ந்து தொடங்குவார்கள், அங்கேயே முடிப்பார்கள். முடிக்கும்போது கார்பெட் 'என்னிடமிருந்து இரவு வணக்கம்' என்பார். பார்க்கர் 'அவரிடமிருந்தும் இரவு வணக்கம்' என்பார். கவனித்தீர்களா, கடைசி வரியில்கூடப் பார்க்கர் தன் பெயரில் வணக்கம் சொல்வதில்லை.

---

திரைக்கதைக்காரன் எழுதியது:

வாத்தியார் ஐயா, கடைசி வரியில் என்னைப் பிடித்துவிட்டீர்கள்.

சரி, நான் சொன்னதில் பாதியை வைத்துக்கொள்கிறேன். போரிட்ஜ் எழுதியவர்களின் பெயரை விடமாட்டேன். ஆனால் மெழுகுவர்த்திக் காட்சியை நேற்று இரவு எழுத்தாளன் கண்ணோடு பார்த்தேன். ஒவ்வொரு பொருளுக்கும் கடைக்காரர் எங்கே நடக்க வேண்டும், எத்தனை அடி, எந்த ஏணியில் ஏற வேண்டும் என்பது வரைக்கும் சிரிப்புக்காகக் கணக்குப் போட்டு வைத்திருக்கிறது. பார்க்கர் நகரவே மாட்டார். கவுண்டரில் நின்று அடுத்த சொல்லைச் சொல்வார், அவ்வளவுதான். ஓட்டம் எல்லாம் கார்பெட்டுக்கு. தனக்கென்று எழுதும் நடிகர்கள் தனக்குத்தான் அதிகம் வைத்துக்கொள்வார்கள், அதை நிறையப் பார்த்திருக்கிறேன். இவர் பாதிக்கு மேல் கைதட்டலை எதிரில் நிற்பவருக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார்.

அந்தக் கையெழுத்துப்படி 2007இல் ஏலத்தில் 48,500 பவுண்டுக்குப் போனது என்று படித்தேன். வசனம் எழுதிய காகிதம் அந்த விலைக்குப் போகிறது என்றால் எங்களுக்கெல்லாம் சந்தோஷம்தானே.

---

மாலைநேரம் எழுதியது:

இன்னும் ஒரு விஷயம், அதைச் சொல்லாமல் இந்த இழை முழுதாகாது. அவர் நிறுத்திய விதம்.

1988 தொடக்கத்தில் பார்க்கர் ஓய்வு பெற்றார். வயது 58. இங்கிலாந்தில் அவர் அளவுக்குப் பிரியமான நகைச்சுவை நடிகர் அப்போது வேறு யார் இருந்தார் என்று கேட்கும் நிலையில் இருந்தார். புதிதாக ஒன்றும் தோன்றவில்லை, செய்ய விரும்பியதை எல்லாம் செய்தாகிவிட்டது, உடம்பும் பழையபடி இல்லை. அவ்வளவுதான். மனைவி ஜாயுடன் சிப்பிங் நார்ட்டன் என்ற சிற்றூரில் பழம்பொருள் கடை வைத்து உட்கார்ந்துவிட்டார். ஆர்க்ரைட்டாக இத்தனை வருடம் நடித்தவர் நிஜமாகவே கடைக்காரர் ஆனார்! பழைய போஸ்ட் கார்டுகள் சேகரிப்பதில் அவருக்கு எப்போதும் ஆசை உண்டு.

பதினான்கு வருடம் எதிலும் பெரிதாக நடிக்கவில்லை. 2002இல் 'த கேதரிங் ஸ்டார்ம்' படத்தில் சர்ச்சிலின் பட்லராக வந்தார். ஆல்பர்ட் ஃபின்னிதான் சர்ச்சில். சின்ன வேடம், ஆனால் இத்தனை வருடம் விட்ட கைக்கு எதுவும் மறக்கவில்லை. 2005இல் கார்பெட்டுடன் மறுபடி அந்த மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து பழைய காட்சிகளை அறிமுகம் செய்தார். உடல் இளைத்து, குரல் தாழ்ந்து இருந்தது. அந்த ஆண்டின் கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியைக் கோடையிலேயே பதிவு செய்து வைத்தார்கள். அக்டோபர் 3ஆம் தேதி அவர் இறந்துவிட்டார், 76 வயது. நிகழ்ச்சி அதன்பிறகு டிசம்பரில் ஒளிபரப்பானது.

2006 மார்ச்சில் வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் நினைவு வழிபாடு நடந்தது. வழக்கமாகச் சிலுவையோடு இரண்டு மெழுகுவர்த்தி எடுத்து வருவார்களாம். அன்று நாலு எடுத்து வந்தார்கள். பத்து வருடம் கழித்து 2016இல் கார்பெட் இறந்தபோது அவருடைய இறுதிச் சடங்கிலும் நாலு மெழுகுவர்த்தி வைத்தார்கள்.

---

கடைப்பிள்ளை எழுதியது:

அந்தக் கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியை நாங்கள் கடையில் இருந்து பார்த்தோம் அண்ணா. கிறிஸ்துமஸ் நேரத்திலும் அப்பா கடை திறந்துதான் வைத்திருந்தார். கவுண்டருக்குப் பின்னால் சின்ன டிவி ஒன்று இருந்தது. பேட்டரி வாங்க வந்த ஒரு வயதான வெள்ளைக்கார அம்மா, நிகழ்ச்சி முடியும்வரை பேட்டரியைக் கையில் வைத்துக்கொண்டே நின்று பார்த்தார். அப்பா கதிரை எடுத்துக் கொடுத்தார். இருவரும் ஒரு சொல்லும் கதைக்கவில்லை.

---

புதுவரவு21 எழுதியது:

ஒரே ஒரு பகுதி பார்க்க வேண்டும் என்றால் எதைப் பார்ப்பது?

---

மாலைநேரம் எழுதியது:

போரிட்ஜ், முதல் தொடர், 'எ நைட் இன்'. விளக்கை அணைத்த பிறகு ஒரு சிறை அறை, மேலும் கீழுமாகப் படுத்திருக்கும் இரண்டு பேர், பேச்சு. கிட்டத்தட்ட அரை மணி நேரமும் அதுதான். நதியோரம், நீங்களும் முடிந்தால் பாருங்கள். வற்புறுத்தவில்லை.

---

நதியோரம் எழுதியது:

பார்த்தேன்.

காட்பருக்குக் கதவு பூட்டும் நேரம்தான் தாங்க முடியவில்லை. வெளியே இருந்தால் இந்த இரவு எங்கெல்லாம் போயிருக்கலாம் என்று அவன் நினைக்கிறான். ஃபிளெட்சர் அவனுக்கு அறிவுரை எதுவும் சொல்லவில்லை. வெளியே போக மனமில்லாமல் இன்று இரவு வீட்டிலேயே இருந்துவிட்டோம் என்று நினைத்துக்கொள் என்கிறார். அப்புறம் பேச்சு எங்கெங்கோ போகிறது. பையன் மெல்ல மெல்லத் தளர்ந்து கொடுக்கிறான்.

இருட்டில் பார்க்கரின் முகம் பாதிதான் தெரிகிறது. பையன் பேசும்போது அவர் எதுவும் செய்யவில்லை, கேட்டுக்கொண்டு படுத்திருக்கிறார். அவன் சொல்லுக்குத் தேடும் இடத்திலும் குறுக்கே வரவில்லை. அதைத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆர்க்ரைட்டைப் பற்றி என் கருத்து மாறவில்லை. இந்தத் தொடரில் அடுத்த பகுதி எங்கே கிடைக்கும் என்று யாராவது சொல்லுங்கள்.